பணம் போட்டவர் வழியே மெக்சிகோ சினிமா: நால்வரில் யாரைப் பின்தொடர்வது?

மெக்சிகோவின் பழைய படங்களைப் பார்க்கத் தொடங்குகிறவர்கள் பெரும்பாலும் ஓர் இயக்குநரின் பெயரைப் பிடித்துக்கொண்டுதான் உள்ளே நுழைகிறார்கள். லூயி புனுவல், இல்லாவிட்டால் எமிலியோ ஃபெர்னாண்டஸ். தவறில்லை. ஆனால் வாரத்துக்கு ஒன்று என்று ஆறு படம் கொண்ட ஒரு வரிசை போடுவதாக இருந்தால், பணம் போட்டவரைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்றுதான் நான் சொல்வேன். இயக்குநர் வழியே போனால் மேதையின் நல்ல படங்கள் மட்டும் கண்ணில் படும், அவர் வயிற்றுப்பாட்டுக்கு எடுத்தவை பட்டியலிலிருந்து நழுவிவிடும். தயாரிப்பாளர் வழியே போனால் பாட்டுப் படமும் கான் திரைப்பட விழா விருதுப் படமும் ஒரே கணக்குப் புத்தகத்திலிருந்து வந்ததைப் பார்க்கலாம்.

இன்னொரு காரணமும் உண்டு. ஓர் இயக்குநர் என்ன ஆசைப்பட்டார் என்பது பேட்டிகளில் கிடைத்துவிடும். தயாரிப்பாளர் எதற்குத் தலையாட்டினார், எதற்குக் கையை விரித்தார் என்பது படத்துக்குள்ளேயே கிடக்கும். ஓஸ்கார் டான்சிகர்ஸ், கால்தெரோன் குடும்பம், மனுவேல் பார்பச்சானோ போன்சே, குஸ்தாவோ அலாத்ரிஸ்தே என்று நான்கு பேரை எடுத்துக்கொள்கிறேன். நால்வரையும் எடை போட இந்த ஒரு கேள்வி போதும்: யார், எங்கே, எதற்கு 'முடியாது' என்றார்?

அதற்கு முன் அங்கே பணம் எப்படிப் புரண்டது என்று கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். இரண்டாம் உலகப் போரில் மெக்சிகோ நேச நாடுகள் பக்கம் நின்றது. அமெரிக்கா அதற்குக் கச்சா ஃபிலிம் கொடுத்தது, அர்ஜென்டினாவுக்கு இறுக்கிப் பிடித்தது. ஸ்பானிய மொழி பேசும் நாடுகளின் சந்தை கிட்டத்தட்ட முழுசாக மெக்சிகோவின் கையில் வந்து விழுந்தது. 1942இல் சினிமாவுக்கென்றே ஒரு வங்கி தொடங்கினார்கள். பணம் விநியோக நிறுவனத்தின் வழியாக அட்வான்ஸாகத் தயாரிப்பாளருக்கு வந்து சேரும். படத்தை ஓட்டும் திரையரங்குகளில் பெரும்பகுதி புவேப்லா நகரில் வாழ்ந்த வில்லியம் ஜென்கின்ஸ் என்ற அமெரிக்கரின் கூட்டணி கையில். இயக்குநர் சங்கமோ புதியவர்களுக்குக் கதவைச் சாத்தி வைத்திருந்தது. ஆகவே அங்கே தயாரிப்பாளர் என்றால், நடிகரின் கால்ஷீட்டும் ஸ்டூடியோ தேதியும் அட்வான்ஸும் ஏற்கெனவே கையில் இருக்க, அதற்கேற்ற கதையைத் தேடி அலைகிறவர். கதை கையில் இருக்க, பணம் தேடியவர்கள் குறைவு.

இப்போது டான்சிகர்ஸ். ரஷ்யாவில் பிறந்தவர், பிரான்ஸில் படத் தொழில் செய்தவர், போர்க் காலத்தில் மெக்சிகோ வந்து சேர்ந்தார். அங்கே அவர் கை வைத்ததில் பெரிய பேர் வாங்கியது 'லா பெர்லா'. ஜான் ஸ்டைன்பெக் கதை, எமிலியோ ஃபெர்னாண்டஸ் இயக்கம், காப்ரியேல் ஃபிகெரோவா ஒளிப்பதிவு. ஸ்பானிய மொழியில் ஒருமுறை, ஆங்கிலத்தில் ஒருமுறை எடுத்து, அமெரிக்காவில் ஆர்.கே.ஓ. நிறுவனம் வழியே வெளியிட்டார்கள். ஃபிகெரோவாவுக்கு கோல்டன் குளோப் கிடைத்தது. மெக்சிகோ மீனவன் கதைதான், ஆனால் எழுதும்போதே வெளிநாட்டுச் சந்தையும் கணக்கில் இருந்தது. டான்சிகர்ஸின் மூளை இப்படித்தான் வேலை செய்தது.

1946இல் அவர் புனுவலைச் சந்திக்கிறார். புனுவல் அப்போது ஸ்பெயினை விட்டு வந்த அகதி. பாரிஸில் கலவரம் கிளப்பிய பெயர் உண்டு, ஆனால் பல ஆண்டுகளாகத் தன் பெயரில் ஒரு படம் இயக்கியதில்லை. டான்சிகர்ஸ் கையில் ஹோர்ஹே நெக்ரெத்தே, லிபெர்தாத் லமார்க்கே என்று இரண்டு பெரிய பாடகர்களின் கால்ஷீட். விளைவு 'கிரான் காசினோ' (1947), தாம்பிக்கோ எண்ணெய் வயல்களில் நடக்கும் பாட்டுப் படம். இதில் ஒரு காதல் காட்சி உண்டு. நெக்ரெத்தே பேசிக்கொண்டே ஒரு குச்சியால் காலடியில் கிடக்கும் எண்ணெய்ச் சேற்றைக் கிளறுகிறார். காமிரா முத்தத்தை விட்டுவிட்டு அந்தச் சேற்றைப் பார்க்கிறது. வழக்கமான முத்தக் காட்சியிலிருந்து புனுவல் தப்பித்த விதம் அது. படம் சரியாகப் போகவில்லை. மூன்று ஆண்டு அளவுக்கு அவருக்கு வேறு வேலை இல்லை.

ஒரு தயாரிப்பாளர் அத்தோடு கைகழுவியிருப்பார். டான்சிகர்ஸ் கைகழுவவில்லை. 'எல் கிரான் கலவேரா' (1949) படத்தை நடிகர் ஃபெர்னாந்தோ சோலர் தானே இயக்கி நடிப்பதாக இருந்தது. இரண்டையும் சேர்த்துச் செய்வது சோர்வு என்று அவர் ஒதுங்க, அந்த இடத்துக்குப் புனுவலைக் கூப்பிட்டார். புனுவல் சொன்ன நாளில் முடித்துக் கொடுத்தார், படமும் ஓடியது. வசூல் வந்ததும் புனுவலும் எழுத்தாளர் ஹுவான் லார்ரேயாவும் லாட்டரிச் சீட்டு விற்கும் ஓர் அனாதைப் பையனைப் பற்றி ஒரு கண்ணீர்க் கதையைக் கொண்டுவந்தார்கள். டான்சிகர்ஸ் அதை ஒதுக்கினார். அதைவிட உருப்படியாக ஒன்று செய்வோம், மெக்சிகோ நகரத்து ஏழைப் பிள்ளைகளைப் பற்றி எடுப்போம் என்றார். 'லோஸ் ஓல்விதாதோஸ்' (1950) இப்படித்தான் பிறந்தது. அந்தப் படத்தின் முதல் 'வேண்டாம்' தயாரிப்பாளருடையது என்பதைப் புனுவல் ரசிகர்கள் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளலாம்.

இரண்டாவது 'வேண்டாம்' படப்பிடிப்பில் வந்தது. ஹாய்போ என்ற பையன் இன்னொருவனை அடித்துக் கொல்லும் காட்சிக்குப் பின்னால், கட்டி முடிக்காத ஒரு பெரிய கட்டடத்தின் எலும்புக்கூடு நிற்கும். அதன் மாடிகளில் நூறு பேர் கொண்ட இசைக்குழுவை உட்கார வைக்கப் புனுவல் ஆசைப்பட்டார், லேசாக, கண்ணில் பட்டும் படாமலும். டான்சிகர்ஸ் கண்டிப்பாகக் கூடாது என்றுவிட்டார். இன்று அந்தக் காட்சியைப் பார்க்கும்போது எனக்குத் தோன்றுவது: வெறும் இரும்புச் சட்டங்கள்தான் சரி. இசைக்குழு இருந்திருந்தால் நாம் பையனைப் பார்ப்பதை விட்டுவிட்டு இயக்குநரைப் பார்த்திருப்போம். இதில் பலர் என்னோடு சண்டைக்கு வருவார்கள், வரட்டும்.

இருபத்தொரு நாளில் எடுத்து முடித்தார்கள். தணிக்கைக்குப் பயந்தோ வசூலுக்குப் பயந்தோ, எல்லாம் நல்லபடியாக முடியும் மாற்று முடிவு ஒன்றையும் எடுத்துப் பத்திரமாக வைத்தார்கள். பல ஆண்டு கழித்து அது கண்டெடுக்கப்பட்டது. ஆனால் திரைக்குப் போனது கசப்பான முடிவுதான். 1950 நவம்பர் 9 அன்று வெளியான படம் ஒரு வாரம்கூட ஓடவில்லை, நாட்டை அவமதித்துவிட்டார்கள் என்று கூச்சல். அடுத்த ஆண்டு கான் விழாவில் கவிஞர் ஒக்தாவியோ பாஸ் படத்தைப் பற்றித் தான் எழுதியதை அச்சிட்டு வாசலில் நின்று விநியோகித்தார். சிறந்த இயக்குநர் விருது கிடைத்தது, மெக்சிகோவில் படம் மறுபடியும் வெளியாகி ஓடியது. 2003இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் ஏறியது.

அப்புறம் 'எல்' (1953). பொறாமையால் புத்தி பேதலிக்கும் ஒரு கணவனின் கதை. முதல் காட்சி நாளில் புனுவல் தியேட்டருக்குள் போக, டான்சிகர்ஸ் எதிரே முகம் வெளுத்து வெளியே வருகிறார்: சனங்கள் சிரிக்கிறார்கள்! பணம் போட்டவரின் அந்த முகத்தை நினைத்துக்கொண்டு படத்தைப் பாருங்கள். எந்த இடத்தில் சிரித்திருப்பார்கள் என்று ஊகிப்பதே தனி சுவாரசியம். அடுத்து 'அபிஸ்மோஸ் தெ பசியோன்' (1954). புனுவல் 1930களிலிருந்து கையில் வைத்திருந்த, ஆங்கில நாவல் ஒன்றைத் தழுவிய திரைக்கதை. அதற்கு டான்சிகர்ஸ் கொடுத்த நடிகர்கள் வேறொரு பாட்டுப் படத்துக்காக ஒப்பந்தம் செய்யப்பட்டிருந்தவர்கள். ரும்பா ஆட்டக்காரியும் போலந்துக்காரியும் ஒரே வீட்டில் வந்து நிற்கிறார்கள். ஒட்டவில்லை. ஒட்டாததைப் பார்ப்பதும் பாடம்தான்.

'ராபின்சன் குரூசோ' (1954) இன்னொரு வகை. வண்ணப் படம், ஆங்கிலத்திலும் எடுத்தார்கள், நாயகன் டான் ஓ'ஹெர்லிஹி ஆஸ்கர் பரிந்துரை வரை போனார். கூட்டுத் தயாரிப்பாளர் ஹென்றி எர்லிக் என்று டைட்டிலில் வரும். அது ஜார்ஜ் பெப்பரின் புனைபெயர். கம்யூனிஸ்ட் என்ற சந்தேகத்தில் வேலை மறுக்கப்பட்டவர்களின் ஹாலிவுட் கறுப்புப் பட்டியலில் சிக்கி மெக்சிகோவில் தஞ்சம் புகுந்தவர் அவர். திரைக்கதை எழுதிய ஹியூகோ பட்லரும் புனைபெயரில்தான் இருக்கிறார். இப்படி டான்சிகர்ஸைச் சுற்றி எப்போதும் ஏதோ ஒரு நாட்டை விட்டு வந்தவர்கள்.

அவரிடம் உள்ள குறை: மெக்சிகோ மக்கள் உண்மையிலேயே கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்த படங்கள் இந்தப் பட்டியலில் குறைவு. அதற்குக் கால்தெரோன் குடும்பத்திடம் போக வேண்டும்.

கால்தெரோன்கள் வட எல்லையில் சிவாவா பகுதியில் திரையரங்கு நடத்தி வளர்ந்தவர்கள், அமெரிக்காவில் வாழும் ஸ்பானிய மொழிக்காரர்களுக்குப் படம் விநியோகித்தவர்கள். டிக்கெட் கவுன்ட்டரிலிருந்து தயாரிப்புக்கு வந்தவர்கள் என்று சொல்லலாம். பெத்ரோ ஆர்துரோ கால்தெரோன் கியூபாவிலிருந்து வந்த நடனக்காரி நினோன் செவியாவை ஒப்பந்தம் செய்து நாயகியாக்கினார். 'அவெந்தூரேரா' (1950) பார்த்தால் போதும். அப்பா தற்கொலை செய்துகொள்ள, எல்லை ஊரான சியுதாத் ஹுவாரெஸுக்கு வேலை தேடிப் போகும் பெண்ணை மயக்க மருந்து கொடுத்து விடுதியில் தள்ளுகிறார்கள். விடுதியை நடத்தும் அம்மாள் குவாதலஹாராவில் கௌரவமான குடும்பத் தலைவி. இவள் பழிவாங்க அந்த அம்மாளின் மகனையே கல்யாணம் செய்துகொண்டு மருமகளாக வீட்டுக்குள் நுழைகிறாள். மாமியார் பாத்திரத்தில் ஆந்த்ரேயா பால்மா வாசலில் மருமகளைப் பார்க்கும் அந்த ஒரு பார்வைக்காகவே இரண்டாம் முறை பார்க்கலாம். நடுநடுவே ஆட்டம், பாட்டு. பிரான்ஸில் இளம் விமர்சகராக இருந்த த்ரூஃபோ வரை நினோனின் ரசிகர்கள்தான்.

கால்தெரோன்கள் எதற்கு 'முடியாது' என்றார்கள் என்று தேடினால், திரையில் ஒன்றும் சிக்காது. காசு தரும் எதற்கும் சரி என்றவர்கள். நடனக்காரிப் படங்களின் அலை ஓய்ந்ததும் கியெர்மோ கால்தெரோன் ஆஸ்டெக் மம்மி, அப்புறம் பெண் மல்யுத்த வீராங்கனைகள், 1975இல் 'பெய்யாஸ் தெ நோச்சே' என்ற கேபரே நகைச்சுவை என்று போய்க்கொண்டே இருந்தார். அந்தக் கடைசிப் படம் பத்தாண்டுக்கு மேல் நீண்ட ஒரு மலிவு அலையைத் தொடங்கி வைத்தது. ஒரு நாட்டின் ரசனை இருபத்தைந்து ஆண்டுகளில் எங்கிருந்து எங்கே போனது என்று பார்க்க இதைவிட நேர்மையான வரிசை கிடையாது. ஆனால் பின்பாதியை உட்கார்ந்து பார்க்கப் பொறுமை வேண்டும். நண்பர்களைக் கூப்பிட்டு வைத்துக்கொண்டு ஐந்தாவது வாரம் மம்மி படம் போட்டால் ஆறாவது வாரம் யாரும் வரமாட்டார்கள். அல்லது, ஆளைப் பொறுத்து, அன்றைக்குத்தான் கூட்டம் அதிகமாக வரும்.

மனுவேல் பார்பச்சானோ போன்சே இதற்கு நேர் எதிர். 1925இல் யுகாதான் மாநிலம் மெரிதாவில் பிறந்தவர். செய்திப்படச் சுருள்கள் எடுத்துப் பணம் பார்த்து, அந்தப் பணத்தில் சங்கக் கதவுக்கு வெளியே நின்று படம் எடுத்தார். இயக்குநர் சங்கத்தில் இடம் கிடைக்காதவர்களுக்கும் ஸ்பெயினிலிருந்து வந்த அகதிகளுக்கும் அவர் அலுவலகம்தான் திண்ணை. முதல் பெரிய முயற்சி 'ராய்செஸ்'. பெனித்தோ அலாஸ்ராக்கி இயக்கியது, ஃபிரான்சிஸ்கோ ரோஹாஸ் கொன்சாலெஸின் நான்கு சிறுகதைகள், நட்சத்திரம் இல்லை, ஸ்டூடியோ இல்லை. 1955இல் கானில் சர்வதேச விமர்சகர் விருது பெற்றது. அதில் ஒரு கதை: ஒற்றைக் கண் பையனை ஊர்ப் பிள்ளைகள் கேலி செய்கிறார்கள், அம்மா அவனைக் கூட்டிக்கொண்டு சாமி கும்பிடப் போகிறாள். திருவிழா வாணவெடி பட்டு இருந்த கண்ணும் போகிறது. அம்மா அழுதுவிட்டு, அற்புதம் நடந்துவிட்டது என்று தேறிக்கொள்கிறாள்: இனி யாரும் இவனை ஒற்றைக் கண்ணன் என்று சொல்ல முடியாதே. எந்தப் பாசாங்கும் இல்லாமல் எடுத்திருக்கிறார்கள்.

அடுத்து கார்லோஸ் வேலோ இயக்கிய 'தொரேரோ'. காளைச்சண்டை வீரர் லூயிஸ் ப்ரொகூனா தானாகவே நடித்தார், நடுவே உண்மையான செய்திப்படத் துண்டுகள். ஆவணப்படப் பிரிவில் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. புனுவலின் 'நாசரீன்' (1959) இவர் தயாரிப்புதான், கானில் சர்வதேசப் பரிசு வாங்கியது. இதன் படப்பிடிப்பில் ஃபிகெரோவா போப்போகாதேபெத்ல் எரிமலையும் வெண்மேகமுமாக அழகான ஃபிரேம் ஒன்றை அமைத்துவைக்க, புனுவல் காமிராவைச் சாதாரண மேட்டுப் பக்கம் திருப்பிவிட்டார் என்பது பிரபலமான கதை. பின்னால் மெக்சிகோ எழுத்தாளர் ஹுவான் ருல்ஃபோவின் எழுத்திலிருந்து இரண்டு படம், 1980களில் ஓவியர் ஃப்ரீதா காலோவைப் பற்றி பால் லெதுக் எடுத்தது என்று நீள்கிறது. இவருடைய 'முடியாது' நட்சத்திர முறைக்கும் ஸ்டூடியோ சுவருக்கும்தான். அதில்கூட முழு வைராக்கியம் இல்லை. 1967இல் அந்த ருல்ஃபோ படங்களில் ஒன்றான 'பெத்ரோ பாராமோ'வுக்கு ஹாலிவுட் நடிகர் ஜான் கேவினை நாயகனாகப் போட்டார். மெக்சிகோ சினிமா 1960களுக்குப் பிறகு எங்கே போனது என்று தெரிந்துகொள்ள ஆசைப்படுகிறவர் இவரைத்தான் எடுக்க வேண்டும். ஆனால் பொற்காலம் என்று எதைச் சொல்கிறோமோ அதன் பளபளப்பு இந்த வரிசையில் அவ்வளவாகத் தெரியாது. அதை ஏற்கெனவே கொஞ்சம் பார்த்தவருக்குத்தான் இவர் எதை ஒதுக்கினார் என்பது உறைக்கும்.

குஸ்தாவோ அலாத்ரிஸ்தே மரச்சாமான் வியாபாரமும் பத்திரிகையும் நடத்திய பணக்காரர். நடிகை சில்வியா பினாலைக் கல்யாணம் செய்துகொண்டவர். அவளை நாயகியாக வைத்துப் படம் எடுங்கள் என்று புனுவலிடம் பணத்தைக் கொடுத்துவிட்டு நகர்ந்துகொண்டார். மூன்று படங்கள்: 'விரிதியானா' (1961), 'எல் ஆன்ஹெல் எக்ஸ்தெர்மினாதோர்' (1962), 'சிமோன் தெல் தெசியெர்தோ' (1965). எதற்கும் அவர் 'முடியாது' என்றதில்லை. அவர் சொல்லாததை மற்றவர்கள் சொன்னார்கள். ஸ்பெயினில் எடுத்த 'விரிதியானா'வின் கடைசிக் காட்சியில் நாயகி தன் முறைப்பையனின் அறைக் கதவைத் தட்டி உள்ளே போவதாக இருந்ததை ஸ்பெயின் தணிக்கை ஏற்கவில்லை. மூன்று பேர் உட்கார்ந்து சீட்டாடுவதாக மாற்றினார்கள். அது முன்னதைவிட விஷமமாக அமைந்துவிட்டது. கானில் முதல் பரிசான தங்கப் பனை கிடைத்ததும் வத்திக்கான் நாளிதழ் பொங்கி எழ, ஸ்பெயின் படத்தையே இல்லாததாக ஆக்கியது. 1977 வரை அங்கே திரையிட முடியவில்லை. அலாத்ரிஸ்தேயின் பங்கு இருந்ததால்தான் அது மெக்சிகோ படமாக உயிர் பிழைத்தது. தயாரிப்பாளர் என்ற முறையில் அவர் செய்த பெரிய காரியம் இதுதான் என்பேன்.

பண விஷயத்தில் மட்டும் ஒரு வேடிக்கை. விருந்து முடிந்தும் வீட்டை விட்டு வெளியேற முடியாமல் மாட்டிக்கொள்ளும் சீமான்களின் கதையான 'எல் ஆன்ஹெல் எக்ஸ்தெர்மினாதோர்' படத்தில், மேசைக்கு நல்ல நாப்கின்கூடக் கிடைக்கவில்லை என்று புனுவல் குறைப்பட்டுக்கொண்டார். காமிராவுக்குக் காட்டும்படி இருந்தது ஒன்றே ஒன்று, அதுவும் ஒப்பனைக்காரரிடம் இரவல். 'சிமோன்' 45 நிமிடத்தில் சட்டென்று முடிகிறது. பணம் தீர்ந்துவிட்டது, பாதிக் கதையை வெட்ட வேண்டியதாயிற்று என்பது புனுவல் சொன்னது. வேறு இயக்குநர்களின் குறும்படங்களோடு சேர்த்து வெளியிடத்தான் திட்டம், அது கூடிவரவில்லை என்பது பினால் சொன்னது. எது உண்மையோ, வெனிஸில் அதற்கும் பரிசு கிடைத்தது.

வேறு பெயர்களும் உண்டுதான். கிரெகோரியோ வாலர்ஸ்டைன் படங்களைக் குவித்தவர். அவற்றிலிருந்து ஆறு தேர்ந்தெடுப்பதற்குள் ஆறு மாதம் போய்விடும். நகைச்சுவை நடிகர் காந்தின்ஃப்ளாஸின் படங்களைத் தயாரித்த ஜாக் கெல்மன் வழியே போனால் உண்மையில் காந்தின்ஃப்ளாஸ் வழியேதான் போகிறீர்கள், அதோடு அந்த வாய்ஜாலம் சப்டைட்டிலில் பாதி செத்துவிடும். 'மரியா காந்தெலாரியா'வைத் தயாரித்த அகுஸ்தின் ஃபிங்க் 1944இலேயே இறந்துவிட்டார். மனசுக்குப் பிடித்தவர், ஆனால் வரிசை சட்டென்று முடிந்துவிடுகிறது.

ஆக, மூன்று மாலைதான் இருக்கிறது, தரம் குறையக் கூடாது என்றால் அலாத்ரிஸ்தே. மூன்றும் நல்ல பிரதியில் கிடைக்கின்றன, யோசிக்க வேண்டியதே இல்லை. வீட்டில் பெரியவர்களையும் உட்கார வைத்துப் பாட்டும் ஆட்டமுமாகப் பார்க்க வேண்டும் என்றால் கால்தெரோன்கள், அதிலும் 1950, 51 படங்களோடு நிறுத்திக்கொள்ளலாம். ஆறு வாரம் முழுசாக இருப்பவர் டான்சிகர்ஸை எடுக்கட்டும். 'வேண்டாம்' என்றவரும் 'போய் எடு' என்றவரும் ஒரே ஆளாக இருப்பது அவரிடம் மட்டும்தான், அதுவும் ஒரே படத்துக்குள்.

வரிசையை மட்டும் ஆண்டுப்படி போடாதீர்கள். 'கிரான் காசினோ'வில் தொடங்கினால் அடுத்த வாரம் ஆள் தங்காது. முதலில் 'லா பெர்லா', கண்ணுக்கு விருந்து. அடுத்து 'லோஸ் ஓல்விதாதோஸ்'. மூன்றாவது வாரம் 'கிரான் காசினோ'. அதே ஆள்தான் சில ஆண்டு முன்னால் இதை எடுத்தார் என்று தெரிந்த பிறகு அந்தச் சேற்றுக் குச்சி வேறு மாதிரி தெரியும். நான்காவது 'ராபின்சன் குரூசோ', ஐந்தாவது 'எல்'. ஆறாவதுக்கு 'அபிஸ்மோஸ் தெ பசியோன்' போடலாம். ஐந்து வாரத்தில் டான்சிகர்ஸ் போதும் என்று தோன்றிவிட்டால், அதற்குப் பதில் 'நாசரீன்' போடுங்கள். அதே இயக்குநர், வேறொருவர் பணம்.